கரண்ட் வைப்பதற்கு முன்னால்: டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி

எங்க பெரியப்பா ஒரு வெல்டர். வீடு சாத்தாங்காட்டில், இரும்பு மார்க்கெட்டுக்குப் பின்னால். முப்பது வருஷம் மணலி, எண்ணூர் பக்கம் காண்ட்ராக்டில் பைப்லைன் வேலை பார்த்தவர். மெக்கானிக்கல் பசங்களுக்கு ஆர்.டி. என்றால் தெரியும், ரேடியோகிராஃபிக் டெஸ்ட். வெல்டிங் ஜாயிண்ட் முடிந்ததும் பைப்புக்கு ஒரு பக்கம் ஃபிலிம், மறு பக்கம் இரிடியம்-192 சோர்ஸ். உள்ளே விரிசல், காற்றுக்குமிழி, கசடு எது இருந்தாலும் ஃபிலிமில் தெரிந்துவிடும். ராத்திரியில், சுற்றிலும் கயிறு கட்டி, சிவப்பு விளக்கு போட்டு, எல்லோரையும் தூரமாக அனுப்பிவிட்டுத்தான் அதை எடுப்பார்கள். பெரியப்பாவுக்கு ரேடியேஷன் என்றால் ஒரே அர்த்தம்தான்: அதைத் திறக்கும்போது நாம் அங்கே இருக்கக் கூடாது.

போன வருஷம் அவருக்கு நாக்கில் புண். ஆறவில்லை. பயாப்ஸி எடுத்தார்கள். புற்றுநோய். கரண்ட் வைக்க வேண்டும் என்றார்கள்.

நம்ம ஊரில் கதிர்வீச்சு சிகிச்சைக்கு மக்கள் வைத்த பேர் இதுதான், கரண்ட் வைக்கிறது. உடம்பில் மின்சாரம் எதுவும் பாய்வதில்லை. ஆனால் பெரியப்பாவிடம் அதைச் சொல்லி ஏமாற்ற முடியாது. வருவது என்ன என்று அவருக்கு நன்றாகத் தெரியும். வாழ்நாள் பூரா எதைப் பார்த்து ஓடினாரோ, அதற்கு அடியில் போய் அசையாமல் படுக்க வேண்டும். மாட்டேன் என்றார். இதில் இன்னொரு கோபம் வேறு. ஏற்கெனவே ஸ்கேன் எடுத்தாச்சு, நோயும் தெரிந்தாச்சு. இப்போது பிளான் போட மறுபடி ஒரு ஸ்கேன், அதற்கப்புறம் ஒரு வாரம் காத்திருக்கணும் என்றால் எதற்கு? வீட்டில் எல்லோரும் என்னைத்தான் பார்த்தார்கள். இன்ஜினீயரிங் படிக்கிறவன் நான்தானே.

அந்தக் கேள்விக்குப் பதில் தேடப் போய்த்தான் புதுக்கோட்டையில் பிறந்த ஒரு அம்மாவின் வாழ்க்கையைப் படித்தேன். பாடப்புத்தகத்தில் இரண்டு வரியில் தாண்டிப் போன பேர்தான். முதல் பெண் இது, முதல் பெண் அது என்று மார்க்குக்கு மனப்பாடம் செய்திருப்போம். அந்த முதல்களுக்குப் பின்னால் இருந்த ஒரு சாவைப் பற்றி நான் படித்ததே இல்லை.

புதுக்கோட்டை முதல் சென்னை வரை

முத்துலட்சுமி பிறந்தது 1886 ஜூலை 30. அப்பா நாராயணசாமி ஐயர், புதுக்கோட்டை மகாராஜா கல்லூரி முதல்வர். அம்மா சந்திரம்மாள், தேவதாசி மரபில் வந்தவர். அந்தக் காலத்தில் இப்படி ஒரு வீட்டில் பிறந்த பெண்ணை ஊர் எப்படிப் பார்த்திருக்கும் என்று நான் விளக்க வேண்டியதில்லை. சின்ன வயதிலேயே கல்யாணம் பேச ஆரம்பித்துவிடுகிற காலம் அது. முத்துலட்சுமி படிப்புதான் வேண்டும் என்று நின்றார்.

மெட்ரிகுலேஷன் முடித்ததும் கல்லூரியில் சேர விண்ணப்பித்தார். மகாராஜா கல்லூரி ஆண்கள் படிக்கும் கல்லூரி. ஒரு பெண் உள்ளே வந்தால் பையன்கள் கெட்டுவிடுவார்கள் என்று எதிர்ப்பு கிளம்பியது. கடைசியில் மன்னர் மார்த்தாண்ட பைரவ தொண்டைமான் அனுமதி கொடுத்தார். அங்கே இன்டர்மீடியட் முடித்துவிட்டு 1907ல் சென்னை மருத்துவக் கல்லூரிக்கு வந்தார். நம்ம சென்ட்ரல் ஸ்டேஷனுக்கு எதிரே இருக்கிறதே, அதே கல்லூரி. 1912ல் பரிசுகளும் பதக்கங்களுமாக டாக்டராக வெளியே வந்தார்.

1914ல் டாக்டர் சுந்தர ரெட்டியோடு திருமணம். சம்மதம் சொல்வதற்கு முன் அவர் ஒரு நிபந்தனை வைத்தார். தன்னைச் சமமாக நடத்த வேண்டும், தன் விருப்பத்துக்குக் குறுக்கே நிற்கக் கூடாது. சுந்தர ரெட்டி ஒத்துக்கொண்டார். அதன்படி கடைசிவரை நடந்தும் காட்டினார் என்பதற்கு முத்துலட்சுமி செய்த வேலைகளே சாட்சி.

தங்கை

முத்துலட்சுமிக்கு சுந்தரம்மாள் என்று ஒரு தங்கை. 1920களின் தொடக்கத்தில் அவருக்கு மலக்குடலில் புற்றுநோய் வந்தது. இளம் வயது. வீட்டிலேயே அக்கா டாக்டர், அக்கா வீட்டுக்காரர் சர்ஜன். மெட்ராஸில் அன்றைக்கு இருந்த பெரிய டாக்டர்களையெல்லாம் கூப்பிடக்கூடிய நிலையில் இருந்த குடும்பம். அப்படியிருந்தும் காப்பாற்ற முடியவில்லை.

ஏன் முடியவில்லை என்பதை இன்ஜினீயர் கண்ணோடு பார்த்தால் இரண்டு காரணம் தெரியும். ஒன்று, பார்க்கிற கருவி இல்லை. 1895ல் ரான்ட்கன் எக்ஸ்ரேயைக் கண்டுபிடித்துவிட்டார்தான். ஆனால் எக்ஸ்ரே காட்டுவது நிழல். எலும்பு நன்றாக விழும். சதைக்கு நடுவே இருக்கிற சதைக்கட்டி கிட்டத்தட்ட விழவே விழாது, இரண்டின் அடர்த்தியும் ஒன்றுபோல. இரண்டு, பார்த்தாலும் அதைத் தாக்குகிற கருவி இல்லை. அன்றைய எக்ஸ்ரே சிகிச்சை மெஷின்களின் கதிர் தோலிலேயே பாதி சக்தியைக் கொட்டிவிடும். ஆழத்தில் இருக்கிற கட்டிக்குப் போதுமான அளவு கொடுக்க நினைத்தால், அதற்குள் தோல் வெந்துவிடும்.

தங்கை பட்ட வேதனையைப் பக்கத்தில் இருந்து பார்த்தவர் முத்துலட்சுமி. புற்றுநோய்க்கென்று தனி மருத்துவமனை வேண்டும் என்ற எண்ணம் அவருக்குள் விழுந்தது அங்கேதான்.

1925ல் மேற்படிப்புக்காக லண்டன் போனார். அங்கே புற்றுநோய்க்காகவே நடந்த ராயல் கேன்சர் ஹாஸ்பிடலைப் பார்த்தார். ஒரே கூரைக்குக் கீழே ஆபரேஷன், ரேடியம், ஆராய்ச்சி மூன்றும். ஒரு நோய்க்காக இத்தனை பேர் சேர்ந்து யோசிக்கிறார்கள் என்பதே நம்ம ஊரிலிருந்து போனவருக்குப் புதுசு. இப்படி ஒன்று சென்னையில் வேண்டும் என்ற நினைப்போடு திரும்பினார்.

முப்பது வருஷக் காத்திருப்பு

வந்ததும் கட்டிவிட முடிந்ததா? இல்லை. நடுவில் வேறு பெரிய வேலைகள் வந்து நின்றன. சென்னை மாகாண சட்டசபைக்கு அவரை நியமித்தார்கள். பிரிட்டிஷ் இந்தியாவில் சட்டசபைக்குள் நுழைந்த முதல் பெண் அவர்தான். 1927ல் சபையின் துணைத்தலைவராகவும் ஆனார். கோயிலுக்குப் பெண்களைப் பொட்டுக்கட்டி விடும் வழக்கத்தை ஒழிக்கப் போராடினார். பெரிய எதிர்ப்பு வந்தது. அம்மாவின் பிறப்பையே சுட்டிக்காட்டிப் பேசியவர்களும் இருந்தார்கள். அவர் அசையவில்லை. 1930ல் காந்தி கைதானபோது பதவியைத் தூக்கிப் போட்டுவிட்டு வெளியே வந்தார். போக்கிடம் இல்லாமல் வந்த பெண் பிள்ளைகளுக்காக அவ்வை இல்லம் தொடங்கினார். தேவதாசி ஒழிப்புச் சட்டம் முழுமையாக நிறைவேறியது 1947ல்.

இவ்வளவுக்கும் நடுவில் அந்த ஆஸ்பத்திரி நினைப்பு மட்டும் போகவில்லை. 1935ல் சென்னை மருத்துவக் கல்லூரி நூற்றாண்டு விழாவில் அதைப் பொதுமேடையிலேயே சொன்னார். அதற்கு முந்தைய வருஷம்தான், 1934ல், ஜெனரல் ஹாஸ்பிடலில் பர்னார்டு கதிரியக்கவியல் நிலையம் திறந்திருந்தார்கள். ஆக, கதிர்வீச்சு சென்னைக்கு வந்துவிட்டது. ஆனால் புற்றுநோய்க்கென்றே தனியாக ஓர் இடம், அதற்கென்றே டாக்டர்கள் என்பது தென்னிந்தியாவில் எங்கேயும் இல்லை.

சுதந்திரத்துக்குப் பிறகு இந்திய மாதர் சங்கத்தின் மூலம் நிதி திரட்ட ஆரம்பித்தார். அரசாங்கத்தில் இருந்தவர்களிடமே அவருக்குக் கிடைத்தது அலட்சியம்தான். கேன்சர் வந்தவர்கள் எப்படியும் சாகத்தானே போகிறார்கள், அவர்களுக்கு எதற்கு ஓர் ஆஸ்பத்திரி என்ற மனநிலை. கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. இந்த வாதம் தன்னைத்தானே உண்மையாக்கிக்கொள்ளும். ஆஸ்பத்திரி இல்லாததால் சாகிறார்கள், சாகிறார்கள் என்பதால் ஆஸ்பத்திரி தேவையில்லை. இந்த வட்டத்தை யாராவது ஒருத்தர் எங்கேயாவது அறுக்கணும்.

அறுத்தவருக்கு அப்போது வயது அறுபதைத் தாண்டிவிட்டது. ரிட்டயர் ஆகி வீட்டில் உட்கார வேண்டிய வயதில் வீடு வீடாக நன்கொடை கேட்டார். 1952 அக்டோபரில் அடையாறில் பிரதமர் நேரு அடிக்கல் நாட்டினார். 1954 ஜூன் 18 அன்று புற்றுநோய் மருத்துவமனை இயங்கத் தொடங்கியது. படுக்கைகள் 12. பெரிய கட்டடமோ கருவிகளோ கிடையாது. மகன் டாக்டர் கிருஷ்ணமூர்த்தி வெளிநாட்டில் புற்றுநோய் சிகிச்சைப் பயிற்சி முடித்துவிட்டு வந்து பொறுப்பேற்றார். 1955ல் டாக்டர் சாந்தா வந்து சேர்ந்தார். கிடைக்க இருந்த அரசு வேலையை விட்டுவிட்டு வந்த இளம் டாக்டர் அவர். அதற்குப் பிறகு 2021ல் இறக்கும்வரை அந்த வளாகமே அவருக்கு வாழ்க்கையானது. தங்கை இறந்ததிலிருந்து கணக்குப் போட்டால், முத்துலட்சுமி காத்திருந்தது ஏறக்குறைய முப்பது வருஷம்.

பென்சிலில் போட்ட பிளான்

அடுத்த சில வருஷங்களிலேயே அந்தச் சின்ன ஆஸ்பத்திரி ஒரு பெரிய காரியம் செய்தது. இந்தியாவின் முதல் கோபால்ட்-60 டெலிதெரபி மெஷின் அங்கேதான் நிறுவப்பட்டது. உலகத்திலேயே கோபால்ட் சிகிச்சை முதன்முதலாக நடந்தது 1951ல், கனடாவில். 1950கள் முடிவதற்குள் அது அடையாறுக்கு வந்துவிட்டது என்றால் அந்த வேகத்தைப் பாருங்க.

கோபால்ட்-60ல் என்ன விசேஷம்? அதன் காமா கதிர்களின் ஆற்றல் 1.17, 1.33 மெகா எலக்ட்ரான் வோல்ட். அதிகபட்ச டோஸ் தோலுக்கு மேலே விழாமல் அரை சென்டிமீட்டர் உள்ளே போய் விழும். தோல் தப்பிக்கும். 10 சென்டிமீட்டர் ஆழத்திலும் ஏறக்குறைய பாதிக்கு மேல் மிச்சம் இருக்கும். சுந்தரம்மாளுக்குக் கிடைக்காத இரண்டில் ஒன்று, ஆழத்தில் தாக்கும் கருவி, இப்போது வந்துவிட்டது.

ஆனால் எங்கே தாக்குவது? அந்தக் கேள்வி அப்படியே நின்றது. அந்தக் காலத்தில் உலகம் முழுக்கப் பிளான் போட்ட விதம் இதுதான். வளையக்கூடிய ஈயக் கம்பியை நோயாளியின் உடம்பைச் சுற்றி வளைத்து, அந்த வடிவத்தை அப்படியே காகிதத்தில் வரைவார்கள். எக்ஸ்ரேயில் தெரியும் எலும்புகளை அடையாளமாக வைத்துக் கட்டி சுமாராக இங்கே இருக்கும் என்று குறிப்பார்கள். ஒரு கதிர் எந்த ஆழத்தில் எத்தனை சதவீதம் என்று காட்டும் வளைகோட்டுத் தாளை அதன் மேல் வைத்து, இரண்டு மூன்று திசைகளிலிருந்து வரும் கதிர்களைப் புள்ளி புள்ளியாகக் கையால் கூட்டுவார்கள். பென்சில், அழிப்பான், ஸ்லைடு ரூல். நம்ம இன்ஜினீயரிங் டிராயிங் வகுப்பு மாதிரியேதான். ஒரே வித்தியாசம், இங்கே கோடு தப்பினால் மார்க் போகாது, முதுகுத்தண்டு போகும்.

இன்னொரு தலைவலி. கோபால்ட்-60ன் அரை ஆயுள் 5.27 வருஷம். மாதத்துக்கு ஏறக்குறைய ஒரு சதவீதம் சக்தி குறையும். போன மாதம் போட்ட நேரக்கணக்கு இந்த மாதம் செல்லாது. இயற்பியல் படித்த ஆள் பக்கத்தில் இல்லாமல் டாக்டர் மட்டும் இந்த வைத்தியத்தைச் செய்யவே முடியாது.

1956ல் முத்துலட்சுமிக்கு பத்மபூஷண் விருது கிடைத்தது. 1968 ஜூலை 22 அன்று, 82 வயது நிறைய எட்டு நாள் இருக்கும்போது, காலமானார். அதுவரைக்கும் உடம்புக்குள்ளே இருக்கும் சதைக்கட்டியை வெளியிலிருந்து முழு உருவமாகப் பார்க்கும் கருவி உலகில் எங்கேயும் இல்லை.

மூன்று வருஷம் கழித்து வந்த கண்

1971 அக்டோபரில் லண்டனில் ஒரு நோயாளியின் தலையை முதல்முறையாக சி.டி. ஸ்கேன் எடுத்தார்கள். செய்தவர் காட்ஃபிரே ஹவுன்ஸ்ஃபீல்டு. டாக்டர் இல்லை, நம்ம ஜாதி, எலக்ட்ரிக்கல் இன்ஜினீயர். 1979ல் நோபல் பரிசு பெற்றவர். பல கோணங்களில் எக்ஸ்ரே நிழல்களை எடுத்து, கணக்கின் மூலம் உள்ளே இருக்கும் ஒவ்வொரு புள்ளிக்கும் ஓர் எண் கண்டுபிடிப்பதுதான் அவருடைய யோசனை. தண்ணீருக்கு 0, காற்றுக்கு மைனஸ் 1000, கொழுப்புக்கு மைனஸ் 100 அளவில், கெட்டியான எலும்புக்கு ஆயிரமும் அதற்கு மேலும்.

பெரியப்பாவின் கேள்விக்குப் பதில் இந்த எண்களில்தான் இருக்கிறது. நோயைக் கண்டுபிடிக்க எடுத்த ஸ்கேன் வேறு, பிளான் போட எடுக்கிற ஸ்கேன் வேறு. முதலாவது என்ன நோய், எவ்வளவு பரவியிருக்கிறது என்று சொல்லும். இரண்டாவது, கதிர் போகிற வழியின் வரைபடம்.

அதனால்தான் அதை எடுக்கும் விதமே வேறு. சாதாரண சி.டி. மெஷினின் படுக்கை குழிவாக இருக்கும். பிளானுக்கு எடுக்கும்போது தட்டையான பலகை, ஏனென்றால் சிகிச்சை மெஷினின் படுக்கையும் தட்டை. தலை, கழுத்துப் பகுதி என்றால் முதலில் முகமூடி செய்வார்கள். துளைகள் உள்ள ஒரு பிளாஸ்டிக் ஷீட்டை வெந்நீரில் போட்டு இளக்கி முகத்தின் மேல் இழுத்து அமுக்குவார்கள். சில நிமிஷத்தில் இறுகிவிடும். நம்ம பாஷையில் சொன்னால் அது ஒரு ஃபிக்ஸ்சர். தினமும் அதே இடத்தில், அதே கோணத்தில், மில்லிமீட்டர் கணக்கில் தலை உட்கார வேண்டும். சுவரிலிருந்து வரும் லேசர் கோடுகள் எங்கே வெட்டுகின்றனவோ அங்கே குறி. அதுதான் ஆதிப்புள்ளி. இனி எல்லா அளவும் அங்கிருந்துதான்.

பிறகு இரண்டு மூன்று மில்லிமீட்டர் தடிமனில் துண்டு துண்டாகப் படங்கள். டாக்டர் ஒவ்வொரு படத்திலும் கோடு போடுவார். கண்ணுக்குத் தெரியும் கட்டிக்கு ஒரு எல்லை. கண்ணுக்குத் தெரியாமல் பரவியிருக்கக்கூடிய இடத்தையும் சேர்த்து அதைவிடப் பெரிதாக ஒன்று. தினமும் படுப்பதில் வரும் சின்னச் சின்னப் பிசகுக்காக இன்னும் கொஞ்சம் சேர்த்து மூன்றாவது. டாலரன்ஸ்! தேவைப்பட்டால் எம்.ஆர்.ஐ., பெட் ஸ்கேன் படங்களையும் இதன் மேலேயே பொருத்திப் பார்ப்பார்கள். படக்கூடாத உறுப்புகளுக்கும் தனித்தனியாகக் கோடு.

இங்கேதான் உயிர் போய் வருகிற கணக்கு. இந்த மாதிரி நோய்க்குக் கட்டிக்கு வழக்கமாகக் கொடுப்பது 66 முதல் 70 கிரே, ஒரு நாளைக்கு 2 வீதம். அதிலிருந்து சில சென்டிமீட்டர் தள்ளியிருக்கும் தண்டுவடத்தை 45, 50க்கு மேல் போக விடக் கூடாது. காதுக்குக் கீழே இருக்கும் எச்சில் சுரப்பிக்கு சராசரியாக 26ஐத் தாண்டினால் வாய் காய்ந்துபோகும், தண்ணீர் இல்லாமல் ஒரு வாய் சோறு இறங்காது. இதையெல்லாம் நிபந்தனையாகக் கொடுத்தால் கம்ப்யூட்டர் பல திசைகளிலிருந்து கதிரின் வடிவத்தையும் அளவையும் மாற்றி மாற்றிக் கணக்குப் போடும். வழியில் எலும்பா, காற்றா, சதையா, கதிர் எவ்வளவு குறையும் என்பதை அது தெரிந்துகொள்வது ஹவுன்ஸ்ஃபீல்டு எண்களிலிருந்துதான். போட்ட பிளானை மருத்துவ இயற்பியலாளர் சரிபார்த்து, சிக்கலான பிளான் என்றால் அளவுமானியில் ஓட்டிப் பார்த்து, டாக்டரும் ஒத்துக்கொண்ட பிறகுதான் மனிதனுக்கு. அந்த ஒரு வாரம் இதற்குத்தான் போகிறது. சும்மா காக்க வைப்பதில்லை.

பெரியப்பாவிடம் இதை நான் ஒரே வழியில்தான் சொன்னேன். சைட்டில் சோர்ஸைத் திறந்தால் அது எல்லாப் பக்கமும் போகும், அதனால் ஓடினீங்க. இங்கே போகிற திசை, அளவு, நேரம் எல்லாம் டிராயிங்கில் இருக்கு. அந்த டிராயிங் எடுக்கத்தான் இந்த ஸ்கேன். டிராயிங் இல்லாமல் நீங்க வெல்டு பண்ணுவீங்களா? அவர் பதில் சொல்லவில்லை. அடுத்த நாள் காலையில் சட்டை போட்டுக்கொண்டு வாசலில் நின்றார். ஷேர் ஆட்டோவில் தேரடி, அங்கிருந்து மெட்ரோ. 35 நாளும் போய் வந்தார். நடுவில் வாய் பூரா புண்ணாகி, கஞ்சி மட்டும் குடித்து, எட்டு கிலோ இறங்கினார். நோய் போய்விட்டது என்று இன்னும் யாரும் சொல்லவில்லை. மாதாமாதம் செக்கப். ஆனால் சோறு இறங்குகிறது.

முத்துலட்சுமி பிறந்த ஜூலை 30ஐத் தமிழ்நாடு அரசு மருத்துவமனை தினமாகக் கொண்டாடுகிறது. ஏழைப் பெண்களுக்கான மகப்பேறு உதவித் திட்டம் அவர் பேரில்தான் நடக்கிறது. கதிர்வீச்சு சிகிச்சை முதலமைச்சர் காப்பீட்டுத் திட்டத்திலும் வருகிறது, தெரியாதவர்களுக்குச் சொல்லுங்க. எப்படியும் சாகத்தானே போகிறார்கள் என்ற பேச்சு நம்ம தெருக்களில் இன்னும் முழுசாக ஒழியவில்லை. உங்கள் வீட்டில் யாராவது கரண்ட் வைக்க மாட்டேன் என்று அடம் பிடித்தால் கோபப்படாதீங்க. பக்கத்தில் உட்கார்ந்து, நமக்குப் புரிந்ததை அவர்களுடைய வேலையின் பாஷையில் சொல்லுங்க. நாம் படிக்கிற படிப்பு அதற்காவது உதவட்டும்.

கடைசி நாள் ஆஸ்பத்திரியில் அந்த முகமூடியைப் பெரியப்பாவிடமே கொடுத்துவிட்டார்கள். பெரியம்மா அதைப் பார்த்துப் பயந்து வெளியே போடச் சொன்னார். அவர் கேட்கவில்லை. பரணில் வெல்டிங் ஹெல்மெட்டுக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறார்.